மின்கலம் தீரும் முன்

ஓர் இசைக்கருவிக்கு வயதாகும்போது அதன் ஒலிக்கும் வயதாகிறதா? மரத்தாலும் தோலாலும் ஆன கருவிகளைப் பற்றிப் பலர் இப்படிக் கேட்டிருக்கிறார்கள். ஆனால், நம் திருமண மண்டபங்களிலும் கோயில் திருவிழா மேடைகளிலும் ஆண்டுக்கணக்கில் ஒலித்த கீபோர்ட்டுகளைப் பற்றி நாம் அப்படிக் கேட்பதில்லை. கெட்டால் பழுது பார்க்கிறோம். பழுது பார்க்க முடியாவிட்டால் விற்றுவிடுகிறோம். மின்னணுப் பெட்டிதானே, அதற்குள் நம்முடையது என்று என்ன இருக்கப்போகிறது என்ற எண்ணம்.

இந்த எண்ணத்தை எனக்கு மாற்றியவர் என் தாய்மாமன். சுங்கைப் பட்டாணி வட்டாரத்தில் ஒரு மெல்லிசைக் குழுவில் பதினைந்து ஆண்டுகளுக்கும் மேலாகக் கீபோர்ட் வாசித்தவர். வார நாள்களில் தொழிற்சாலை வேலை, வார இறுதியில் மேடை. அவர் வாசித்தது ரோலண்ட் நிறுவனத்தின் எக்ஸ்பி-80. 1996ஆம் ஆண்டு வெளிவந்த, 76 கட்டைகள் கொண்ட கருவி. குழு கலைந்த பிறகு அது வீட்டின் ஓர் அறையில் கிடந்தது. வீட்டுக் கூரையை மாற்றப் பணம் தேவைப்பட்டபோது அதை விற்றுவிட மாமா முடிவு செய்தார். விற்பதற்கு முன் இயக்கிப் பார்த்தால், உள்ளிருக்கும் மின்கலம் தீரப்போகிறது என்ற எச்சரிக்கை திரையில் வந்தது. மின்னணுப் பொறியியல் படிக்கும் மருமகள் ஒருத்தி இருக்கிறாளே என்று என்னை அழைத்தார்.

"அஞ்சு வெள்ளி பேட்டரிதான் பாப்பா. மாத்திக் கொடுத்துரு. அடுத்த வாரம் ஆள் வந்து பாக்குறாரு."

அந்த ஐந்து வெள்ளி மின்கலத்தைக் கழற்றினால் எது அழியும், எது அழியாது என்று கையேட்டைப் புரட்டத் தொடங்கினேன். அந்தத் தேடலில் நான் தெரிந்துகொண்டவற்றைத்தான் இக்கட்டுரையில் பகிர்ந்துகொள்கிறேன்.

ஒன்றரை நிமிடத்துக்குள் ஓர் இசைக்குழு

எக்ஸ்பி-80, 1994இல் வந்த ஜேவி-1080 என்ற புகழ்பெற்ற கருவியின் வழி வந்தது. இவ்வகைக் கருவிகளில் உண்மையான வாத்தியங்களின் ஒலியைப் பதிவு செய்து, சிறு துண்டுகளாக நறுக்கி, அழியாத நினைவகச் சில்லில் எழுதி வைத்திருப்பார்கள். இத்துண்டுகளை 'அலைகள்' என்கிறார்கள். ஜேவி-1080இல் இருந்த அலைகள் 448. அவற்றின் மொத்தக் கொள்ளளவு 8 மெகாபைட். குறுவட்டின் தரத்தில் ஒற்றைத் தடமாகப் பதிந்தால், 8 மெகாபைட்டில் அடங்குவது ஏறத்தாழ 95 விநாடி ஒலிதான். இன்று நாம் கைப்பேசியில் எடுக்கும் ஒரு படமே சில வேளைகளில் அந்த அளவைத் தாண்டிவிடுகிறது.

பியானோ, வயலின், எக்காளம், மனிதக் குரல், மத்தளம் என்று எல்லாம் ஒன்றரை நிமிடத்துக்குள் எப்படி அடங்கின? பொறியியலாளர்கள் சிக்கனமாக யோசித்தார்கள். புல்லாங்குழலில் ஊதல் தொடங்கும் கணம்தான் காதுக்கு அடையாளம் தருகிறது. அந்தக் கணத்தை முழுமையாக வைத்துக்கொண்டார்கள். நீடிக்கும் பகுதியில் ஒரு சிறு துண்டை மட்டும் எடுத்துத் திரும்பத் திரும்பச் சுழல விட்டார்கள். ஒவ்வொரு கட்டைக்கும் தனிப்பதிவு கிடையாது. ஒரே பதிவை வேகம் கூட்டியும் குறைத்தும் பக்கத்துக் கட்டைகளுக்குப் பங்கிட்டார்கள். கீபோர்ட்டில் ஒரு குரலை மேலே மேலே வாசித்தால் அது சிறுபிள்ளைக் குரலாக மாறுவதை நீங்கள் கவனித்திருப்பீர்கள். காரணம் இதுதான்.

இந்த அலைகள் மூலப்பொருள் மட்டுமே. அதிகபட்சம் நான்கு அலைகளை அடுக்கி, ஒவ்வொன்றின் கூர்மை, ஒலியளவு, எழுச்சி, தேய்வு, அசைவு ஆகியவற்றை எண்களால் அமைத்தால் ஓர் ஒலி உருவாகிறது. அதைக் கலைஞர்கள் 'பேட்ச்' என்பார்கள். அலையை மாவு என்றால் பேட்ச் பலகாரம். ஒரே மாவில் யார் கை பட்டால் என்ன வரும் என்பது வேறு கதை.

448 அலைகள் போதாதவர்களுக்காக விரிவாக்கப் பலகைகள் வந்தன. கருவியைத் திறந்து உள்ளே பொருத்தும் சுற்றுப்பலகைகள் அவை. 'எஸ்ஆர்-ஜேவி80' என்ற அந்த வரிசையில் 1 முதல் 19 வரை எண்ணிட்டு வெளியிட்டார்கள். இரண்டாம் எண் மேலை இசைக்குழு, மூன்றாம் எண் பியானோ, ஐந்தாம் எண் உலக இசை, பதினோராம் எண் டெக்னோ, பதினான்காம் எண் ஆசியா என்று ஒவ்வொரு பலகைக்கும் ஒரு கருப்பொருள். எக்ஸ்பி-80இல் நான்கு பலகைகளைப் பொருத்தலாம். 1997இல் வந்த ஜேவி-2080இல் எட்டு. மாமாவின் கருவியில் இரண்டு பலகைகள் இருந்தன. குழுவினர் சேர்ந்து சீட்டுப் பிடித்து, ஒவ்வொரு பலகையாக வாங்கியதாகச் சொன்னார்.

மென்பொருளாகத் திரும்பிய ஒலிகள்

இப்பலகைகளின் காலம் முடிந்துவிட்டது. ஆனால் அவற்றின் ஒலிகள் மறையவில்லை. கடந்த இருபது ஆண்டுகளில் அவை ஒவ்வொன்றாக மென்பொருளாகத் திரும்பிக்கொண்டிருக்கின்றன. கோர்க் நிறுவனம் 1988இல் வெளியிட்ட எம்1 என்ற கருவியை 2005இல் மென்பொருளாக்கியது. அந்நாளில் தனியே விலை கொடுத்து வாங்க வேண்டியிருந்த ஒலி அட்டைகளின் ஒலிகளும் பின்னர் அம்மென்பொருளுக்குள்ளேயே வந்து சேர்ந்தன. ரோலண்ட் நிறுவனமும் தன் 'ரோலண்ட் கிளவுட்' சேவை வழியாக ஜேவி-1080ஐயும், 2000இல் வந்த எக்ஸ்வி-5080ஐயும் மென்பொருளாகத் தருகிறது. எஸ்ஆர்-ஜேவி80க்குப் பின் வந்த 'எஸ்ஆர்எக்ஸ்' பலகைகளின் ஒலிகளும் அங்கே கிடைக்கின்றன. அன்று குழுவே சீட்டுப் பிடித்து வாங்கியதை இன்று ஒரு மாணவர் தங்கும் விடுதி அறையில் மடிக்கணினியில் வாசிக்கலாம்.

இது எப்படிச் சாத்தியமாகிறது? இக்கருவிகளின் மூல ஒலி ஏற்கெனவே எண்களாக இருக்கிறது. சில்லில் உள்ள எண்களைக் கணினிக்குக் கொண்டுவந்தால் மூலப்பொருள் அப்படியே கிடைத்துவிடும். அந்த எண்களைக் கருவி எவ்வாறு வடிகட்டியது, இரண்டு எண்களுக்கு நடுவே உள்ள இடைவெளியை எவ்வாறு நிரப்பியது, எதிரொலியை எப்படிச் சேர்த்தது என்பதைத்தான் மீண்டும் எழுத வேண்டும். பழைய கருவிக்கே உரிய கரகரப்பு பெரும்பாலும் இந்தப் படிகளில்தான் பிறக்கிறது.

இன்னொரு வழியும் உண்டு. கருவியின் ஒலியை மட்டுமின்றி, அதன் உள்ளிருக்கும் சில்லுகளின் நடத்தையையே கணினியில் நடிக்க வைப்பது. 2024இல் ஆர்வலர்கள் ஜேவி-1080க்கு முந்திய ஜேவி-880ஐ இவ்வாறு உயிர்ப்பித்தார்கள். மூல நினைவகத் தரவு காப்புரிமைக்குட்பட்டது என்பதால் அதை மென்பொருளோடு சேர்த்துக் கொடுப்பதில்லை. அந்தத் தரவைக் கொடுத்துவிட்டால், 1992ஆம் ஆண்டுக் கருவி தான் கணினிக்குள் இருப்பதே தெரியாமல் வேலை செய்கிறது. மின்னணுவியல் மாணவிக்கு இதைவிட மகிழ்ச்சி தரும் செய்தி இருக்க முடியுமா!

ஆக, எனக்குக் கிடைத்த முதல் பதில் இது. மாமாவின் கருவியில் நிறுவனம் வைத்த ஒலிகளுக்கு எந்த ஆபத்தும் இல்லை. மின்கலம் தீர்ந்தாலும் அவை அழியா. கருவியே எரிந்து போனாலும் உலகத்தில் வேறோர் இடத்தில் இருக்கும்.

பதினான்காவது குடும்பம்

மகிழ்ச்சி அதோடு நிற்கவில்லை; ஒரு கேள்வியும் கூடவே வந்தது. நிறுவனங்கள் வைத்த அந்த ஒலிகளில் நம்முடையவை எத்தனை?

1991இல் 'ஜெனரல் மிடி' என்ற பொது ஒழுங்கு வந்தது. எந்த நிறுவனத்தின் கருவியானாலும் 1ஆம் எண்ணை அழுத்தினால் பியானோ, 41ஆம் எண்ணை அழுத்தினால் வயலின் ஒலிக்க வேண்டும் என்ற ஏற்பாடு. மொத்தம் 128 ஒலிகள், எட்டெட்டாகப் பதினாறு குடும்பங்கள். கிதாருக்கு ஒரு குடும்பம், பியானோ வகைகளுக்கு ஒரு குடும்பம். பதினான்காவது குடும்பத்துக்கு 'இனக்குழு இசை' என்ற பொருளில் பெயர். சித்தார், பாஞ்சோ, ஷமிசென், கோட்டோ, கலிம்பா, பேக்பைப், ஃபிடில், ஷெனாய் என எட்டும் அங்கே ஒரே வீட்டில் குடியிருக்கின்றன. இந்தியா, அமெரிக்கா, ஜப்பான், ஆப்பிரிக்கா, ஸ்காட்லாந்து எல்லாம் ஒரே கூரையின் கீழ்!

வீணை இல்லை. நாதஸ்வரம் இல்லை. தாளக் கருவிகளின் பட்டியலில் கொங்காவும் போங்கோவும் உண்டு, மிருதங்கம், தவில், உறுமி இல்லை, தபேலாகூட இல்லை. பின்னாளில் வந்த பலகைகளில் இந்தியக் கருவிகள் கூடின என்பது உண்மை. ஆயினும் அடிப்படைப் பட்டியல் மாறவில்லை.

ஆறாண்டு தமிழ்ப்பள்ளியில் படித்துவிட்டுத் தேசிய இடைநிலைப்பள்ளிக்குப் போனவள் நான். அங்கே பல்லினக் கலைநிகழ்ச்சிகளில் இந்தியர் பகுதி வந்தால் கீபோர்ட்டில் சித்தார் ஒலிக்கும். யாரும் கெட்ட எண்ணத்தில் அப்படிச் செய்யவில்லை. பொத்தானில் இருந்தது அதுதான். எங்கள் வீட்டுத் திருமணத்திலும் எங்கள் ஊர்த் தேர் ஊர்வலத்திலும் நான் ஒருமுறைகூடச் சித்தாரை நேரில் கேட்டதில்லை. சித்தார் அழகான கருவி. அதன்மேல் எனக்குக் கோபம் இல்லை. ஆனால் ஒரு பட்டியலில் இடம் கிடைத்தது எது, கிடைக்காதது எது என்பது, நம்மை நாமே மேடையில் எப்படிக் காட்டுகிறோம் என்பதைக்கூடத் தீர்மானித்துவிடுகிறது. இன்று அந்தப் பழைய ஒலிகள் மென்பொருளாகத் திரும்பும்போதும், பட்டியலில் இருந்ததுதான் திரும்புகிறது. பதிவாகாத ஒன்றை எந்த மென்பொருளும் மீட்டுத் தராது.

மாமா செய்த நாதஸ்வரம்

"அப்போ கல்யாணத்துல நாதஸ்வரம் வேணும்னா என்ன செய்வீங்க மாமா?" என்று கேட்டேன்.

"கம்பெனிக்காரன் கொடுக்கலைன்னா நாம சும்மா இருக்க முடியுமா? தாலி கட்டுற நேரம் நிக்குமா?" என்று சிரித்துக்கொண்டே ஒரு பேட்சைத் தேர்ந்தெடுத்தார். திரையில் ரோமன் எழுத்தில் ஒரு பெயர்: 'நாதஸ் 2'.

அவர் அந்த ஒலியை எப்படிச் செய்திருந்தார் என்பதை எண்களாகப் பார்த்தபோது நான் வியந்துவிட்டேன். முதல் அலை ஷெனாய். இரண்டாவதும் அதே ஷெனாய்தான், சுருதியை மயிரிழை விலக்கி வைத்திருந்தார். நாதஸ்வரம் ஷெனாயைவிட நீளமானது, கனத்த குரல் கொண்டது. அந்தக் கனத்துக்காக மூன்றாவதாக ஓபோவைத் தாழ்ந்த ஒலியளவில் அடியில் போட்டிருந்தார். நான்காவது வெறும் இரைச்சல். ஒவ்வொரு சுரமும் தொடங்கும்போது கணநேரம் மட்டும் வந்து மறையும். சீவாளியில் காற்று மோதும் ஓசைக்காக அது. ஒரு நேரத்தில் ஒரே சுரம்தான் ஒலிக்கும்படியும், ஒரு சுரத்திலிருந்து மற்றொன்றுக்கு வழுக்கிச் செல்லும்படியும் அமைத்திருந்தார். மேலை இசைப் பலகைகளுக்காகப் பதிந்த ஓபோ, எங்கள் ஊர் மாரியம்மன் கோயிலில் நாதஸ்வரத்துக்குத் தோள் கொடுத்திருக்கிறது.

மாமா இசைக்கல்லூரிக்குப் போனவர் அல்லர். நள்ளிரவில் தலையணி மாட்டிக்கொண்டு, ஓர் எண்ணை மாற்றி, கேட்டு, மறுபடி மாற்றி, இப்படியே மாதக்கணக்கில் செய்தாராம். உண்மையான நாதஸ்வரக் கலைஞர் ஒருவர் மேடைக்குப் பின்னால் வந்து, "என் வயித்துல அடிக்காதப்பா" என்று பாதி விளையாட்டாகச் சொன்னதையும் நினைவுகூர்ந்தார். அதற்கு மாமா சொன்ன பதில்: "அண்ணே, உங்களைக் கூப்பிட வசதி இல்லாத வீட்டுலதான் நான் இதை வாசிக்கிறேன்."

இப்போதுதான் என் முதல் கேள்விக்கு இரண்டாவது பதில் கிடைத்தது. கருவியில் பயனர் பேட்சுகளுக்கென்று 128 இடங்கள் உண்டு. அவை அழியாத சில்லில் இல்லை. அந்த ஐந்து வெள்ளி மின்கலம் தரும் மின்சாரத்தில் உயிர் வாழ்பவை. மாமா அவற்றில் 31 இடங்களைத் தம் சொந்த ஒலிகளால் நிரப்பியிருந்தார். 'தைப்பூசம்', 'உறுமி', 'அம்மன் 3' என்று ரோமன் எழுத்தில் பெயர்கள். பேட்ச் பெயருக்கு 12 எழுத்துகள்தான் இடம் என்பதால் சில பெயர்கள் பாதியில் நின்றன. மின்கலத்தைக் கழற்றினால் நிறுவனத்தின் ஒலிகள் இருக்கும். மாமாவின் 31 ஒலிகள் போய்விடும். எந்த நிறுவனத்தின் மென்பொருளிலும் அவை இல்லை. உலகத்திலேயே அவை இருந்த ஒரே இடம் அந்த அறைதான்.

31 ஒலிகளை மீட்ட கதை

வேலை தொழில்நுட்ப அளவில் கடினமானதன்று. 1983 முதல் மின்னிசைக் கருவிகள் பேசிக்கொள்ளும் பொதுமொழி 'மிடி'. கருவி தன் நினைவகத்தில் உள்ளதை மொத்தமாக மிடி கம்பி வழியே அனுப்பும். கணினி அதைப் பெற்றுக் கோப்பாகச் சேமிக்கும். அனுப்பும் ஒவ்வொரு தொகுதியிலும் தொடக்கக் குறி, நிறுவனத்தின் அடையாள எண், தரவு, சரிபார்ப்பு எண், இறுதிக் குறி என்று ஒழுங்கு உண்டு. மலிவான யுஎஸ்பி இணைப்புகள் நீளமான தரவை இடையில் விழுங்கிவிடும் என்பதால், நல்ல இணைப்பு ஒன்றை நண்பரிடம் இரவல் வாங்கிச் சென்றேன். மூன்று முறை பெற்று, மூன்று கோப்புகளையும் ஒப்பிட்டு, ஒரே மாதிரி இருப்பதை உறுதி செய்த பிறகே மின்கலத்தில் கை வைத்தேன். மாற்றி முடித்ததும் அதே கம்பி வழியே 31 ஒலிகளையும் திருப்பி அனுப்பினேன். 'நாதஸ் 2' தன் இடத்துக்கு வந்து சேர்ந்தது.

பிறகு, கையேட்டில் உள்ள அட்டவணையை வைத்து அந்த பேட்சின் எண்களை வாசித்து, ஜேவி-1080 மென்பொருளில் ஒவ்வொன்றாகப் பதிந்தேன். ஓர் இரவு முழுவதும் பிடித்தது. மறுநாள் என் சிறிய யுஎஸ்பி கீபோர்ட்டைக் கொண்டு மாமாவுக்கு வாசித்துக் காட்டினேன்.

கண்ணை மூடிக் கேட்டார். "சத்தம் சரியாத்தான் இருக்கு பாப்பா. இழுப்பு எங்க?"

ரோலண்ட் கருவிகளின் இடப்பக்கத்தில் ஒரு சிறு நெம்புகோல் இருக்கும். பக்கவாட்டில் தள்ளினால் சுருதி வளையும். முன்னே தள்ளினால் சுரம் அசையும். விட்டால் தானே நடுவுக்குத் திரும்பும். நாதஸ்வரக் கலைஞர் துளையைப் பாதி மூடியும் ஊதும் விசையை மாற்றியும் கொண்டுவரும் கமகத்தை, மாமா இடக்கைக் கட்டைவிரலால் கொண்டுவந்திருந்தார். ஆகவே எக்ஸ்பி-80ஐயே மடிக்கணினியோடு இணைத்தேன். கட்டையும் நெம்புகோலும் பழைய கருவியுடையவை, ஒலி மென்பொருளுடையது. மாமா வாசித்தார். அடுக்களையிலிருந்து அத்தை எட்டிப் பார்த்து, "யார் வீட்டுக் கல்யாணம்?" என்று கேட்டார்.

அன்று மாலை அவர் இரண்டு மணி நேரம் வாசித்ததை, வலக்கையும் இடக்கையும் தெரியும்படி காணொளியாகப் பதிவு செய்தோம். அழுத்திய ஒவ்வொரு கட்டையும் நெம்புகோலின் ஒவ்வோர் அசைவும் மிடி தரவாகவும் பதிவாயின. ஒவ்வொரு பேட்சுக்கும் எப்போது, எந்தக் கோயிலுக்காக, எந்தப் பாட்டுக்காகச் செய்தார் என்பதை அவர் சொல்லச் சொல்லத் தமிழில் எழுதிக்கொண்டேன். அதில் பெயர்களுக்கு 12 எழுத்துக் கட்டுப்பாடு இல்லை.

வாரக் கடைசியில் ஆள் வந்தார். கூலிமைச் சேர்ந்த இளைஞர், வேறொரு குழுவில் வாசிப்பவர். கருவியை இயக்கியதும் விரிவாக்கப் பலகைகளைப் பற்றி அவர் கேட்கவில்லை. "அண்ணே, அந்த நாதஸ் பேட்ச் இன்னும் இருக்கா?" என்றுதான் கேட்டார். மாமா என்னைப் பார்த்தார். "இருக்கு தம்பி," என்றார்.

நாம் செய்யக்கூடியது

பழைய ஒலிகளைக் காக்கும் இந்த உலகளாவிய முயற்சியை நான் மதிக்கிறேன். நிறுவனங்கள் வணிகத்துக்காகச் செய்கின்றன, ஆர்வலர்கள் அன்பினால் செய்கிறார்கள். இரண்டாலும் நமக்கு நன்மையே. ஆனால் நிறுவனம் தான் செய்ததைத்தான் காக்கும். கொடுத்த 448 அலைகளை வைத்துக்கொண்டு, கொடுக்காத நாதஸ்வரத்தையும் உறுமியையும் உருவாக்கிய நம் கலைஞர்களின் உழைப்பை நம்மைத் தவிர வேறு யார் காக்கப்போகிறார்கள்? நம் நாட்டுத் தமிழரின் இசை வரலாற்றை எழுத முனைவோர் பாடகர்களையும் பாடலாசிரியர்களையும் நினைவில் வைத்திருப்பார்கள். மேடையின் ஓரத்தில் நின்று ஒலி செய்தவர்களின் உழைப்புக்குச் சான்று, தீர்ந்துகொண்டிருக்கும் மின்கலங்களிலும் பூசணம் பிடிக்கும் நெகிழ்வட்டுகளிலும்தான் இருக்கிறது.

இதற்குப் பெரிய நிதி தேவையில்லை. ஒரு மிடி இணைப்பு, ஒரு மடிக்கணினி, ஒரு குறிப்பேடு போதும். நம் மொழிக்கழக உறுப்பினர்கள் பல ஊர்களிலிருந்து வருகிறோம். விடுமுறையில் ஊருக்குப் போகும்போது, முன்பு மெல்லிசைக் குழுவில் வாசித்தவர் யாரேனும் இருக்கிறாரா என்று விசாரியுங்கள். கருவி இருந்தால், மின்கலத்தை மாற்றுவதற்கு முன் பயனர் பகுதியில் உள்ள பெயர்களை எழுதிக்கொள்ளுங்கள். நெகிழ்வட்டுகள் இருந்தால் தூக்கி எறிய விடாதீர்கள். அவர் வாசிப்பதைக் கைப்பேசியிலாவது பதிவு செய்யுங்கள். இடக்கையையும் சேர்த்துப் பதிவு செய்யுங்கள். தரவை எடுப்பதற்கு என் துறை நண்பர்கள் இருவரும் நானும் வரத் தயாராக இருக்கிறோம். இதுவரை எங்களிடம் இருப்பவை 31 ஒலிகள். அடுத்த ஆண்டு மலருக்குள் அந்த எண்ணிக்கை கூட வேண்டும் என்பதே என் விருப்பம்.